பினாங்கில் ஓர் அரைநாள்: கப்பல் பயண நாட்குறிப்பு

10 நவம்பர் 2024, ஞாயிறு. சிங்கப்பூர்

நாளை பினாங்கில் கப்பல் நிற்பது பிற்பகல் 1 மணியிலிருந்து இரவு 10 மணி வரைதான். அதற்குள் எதைப் பார்ப்பது என்பதே கப்பலேறியதிலிருந்து எங்கள் பேச்சு. முன்பதிவு மேசையில் மூன்று சுற்றுலாக்களைச் சொன்னார்கள்: பினாங்கு மலை ரயில், கெக் லோக் சி கோயிலுக்குப் பஸ்ஸில் போய்வருவது, ஜார்ஜ் டவுன் பழைய நகரை வழிகாட்டியுடன் நடந்து பார்ப்பது. நடைச் சுற்றுலாவுக்கே சீட்டு வாங்கினோம். கப்பல் அணையும் ஸ்வெட்டன்ஹாம் துறை பழைய நகரின் ஓரத்திலேயே இருக்கிறது. இறங்கினால் கோட்டை சில நிமிட நடை. கண்ணெதிரே நகரம் இருக்கும்போது பஸ்ஸில் உட்கார்ந்து பொழுதைக் கழிப்பதில் எனக்கு விருப்பமில்லை.

அப்பாவுக்கு வேறொரு காரணமும் உண்டு. அவர் காளையார்கோவிலில் பிறந்தவர், சிவகங்கையில் வரலாற்று ஆசிரியராக இருந்தவர். 1801 அக்டோபர் 24 அன்று மருது சகோதரர்களைத் திருப்பத்தூரில் தூக்கிலிட்ட கதை எங்கள் பக்கத்துப் பிள்ளைகள் அனைவருக்கும் தெரியும். அதற்குப் பிறகு நடந்ததை அவ்வளவாக யாரும் சொல்வதில்லை. 1802 பிப்ரவரியில் சின்ன மருதுவின் மகன் துரைசாமி, சிவகங்கை அரசர் வேங்கை பெரிய உடையணத் தேவர் உட்பட 70-க்கும் மேற்பட்டோரைத் தூத்துக்குடியில் கப்பலேற்றி நாடு கடத்தினார்கள். துரைசாமிக்கு அப்போது 15 வயது இருக்கும். கொண்டுபோன இடம் வேல்ஸ் இளவரசர் தீவு, அதாவது பினாங்கு.

“அந்தப் பிள்ளை இறங்கிய கரையை ஒரு தடவை பார்த்துவிட வேண்டும், பாப்பா” என்று அப்பா பல வருடங்களாகச் சொல்லிவந்தார். இந்தப் பயணத்துக்கு அவர் சம்மதித்ததே பயணத் திட்டத்தில் பினாங்கு என்ற பெயர் இருந்ததால்தான்.

11 நவம்பர், திங்கள். பினாங்கு

காலை முழுவதும் மலாக்கா நீரிணை. வலப்புறம் கரை தெரிவதும் மறைவதுமாக இருந்தது. நிறையச் சரக்குக் கப்பல்கள்.

இறங்கும்போது ஆளுக்கொரு எண் ஒட்டியைச் சட்டையில் ஒட்டினார்கள். எங்கள் குழுவில் இருபது பேருக்குக் குறைவு. வழிகாட்டி ஜார்ஜ் டவுனிலேயே பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண்மணி, ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். குழுவிடம் ஆங்கிலம், எங்களிடம் தமிழ். அப்பாவை “ஐயா, வெயிலில் நிற்காதீர்கள், இப்படி வாருங்கள்” என்று நிழலுக்கு அழைத்துக்கொண்டே இருந்தார். வேகமாக நடப்பவர், ஆனால் பின்தங்கியவர்கள் வந்து சேரும்வரை பேச்சைத் தொடங்க மாட்டார். நல்ல வழிகாட்டிக்கு அந்தப் பொறுமை முதல் தகுதி என்பேன்.

முதலில் கார்ன்வாலிஸ் கோட்டை. 1786 ஜூலையில் கிழக்கிந்தியக் கம்பெனிக்காகப் பிரான்சிஸ் லைட் இங்கே இறங்கியதும் நிபோங் பனைமரங்களை நட்டுக் கட்டிய வேலிதான் முதல் கோட்டை. சயாமியரிடமிருந்து பாதுகாப்புக் கிடைக்கும் என்று நம்பித்தான் கெடா சுல்தான் தீவைக் கொடுக்க இசைந்தார். கம்பெனி அந்த உதவியைச் செய்யவில்லை. 1791-இல் அவர் தீவை மீட்க முயன்று தோற்றார், ஆண்டுக்கு 6,000 ஸ்பானிய டாலர் என்ற ஒப்பந்தத்துடன் அது முடிந்தது. லைட்டின் சிலை கம்பீரமாக நிற்கிறது. அவருடைய உருவப்படம் எதுவும் கிடைக்காததால், அடிலெய்டு நகரை நிறுவிய மகன் வில்லியமின் முகத்தைப் பார்த்துச் செய்தார்களாம். ஊரை நிறுவியவருக்கு, முகமே தெரியாவிட்டாலும், ஒரு முகம் கொடுத்து வெண்கலத்தில் வார்த்திருக்கிறார்கள்.

இன்றைய செங்கல் சுவர்கள் 1804 வாக்கில் எழுந்தவை. கட்டியவர்கள் இந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்ட தண்டனைக் கைதிகள். வழிகாட்டி இதை ஒரே வாக்கியத்தில் சொல்லிவிட்டு, ஸ்ரீ ரம்பாய் பீரங்கிக்குப் போய்விட்டார். 1603-இல் வார்க்கப்பட்ட டச்சுப் பீரங்கி அது. குழந்தை வேண்டுவோர் அதன் வாயில் பூ வைப்பார்களாம். குழு முழுவதும் அதைப் படமெடுத்தது. அப்பா மட்டும் சுவரருகே நின்றுகொண்டிருந்தார்.

மணிக்கூண்டைத் தாண்டி வந்தோம். விக்டோரியாவின் ஆட்சி 60 ஆண்டை எட்டிய வைரவிழாவுக்கு, ஆண்டுக்கு ஓர் அடி என 60 அடி. போர்க்காலக் குண்டுவீச்சில் சற்றே சாய்ந்தது, இன்னும் அப்படியே நிற்கிறது. அடுத்தது புனித ஜார்ஜ் தேவாலயம், 1818. வெள்ளைத் தூண்களைப் பார்த்ததும் சென்னைக் கதீட்ரல் சாலையின் சாயல் கண்ணில் பட்டது. முதலில் மெட்ராஸ் பாணியில் மொட்டைத் தளமாக இருந்து, 1864-இல்தான் இப்போதைய சரிவுக் கூரை வந்தது. இதையும் கட்டியவர்கள் அதே கைதிகள்தாம்.

இங்கேதான் அப்பா வாய் திறந்தார். “தாயி, நான் ஒன்று சொல்லலாமா?” என்று கேட்டார். வழிகாட்டி உடனே குழுவை மரத்தடியில் நிற்கவைத்தார். அப்பா தமிழில் சொல்லச் சொல்ல, அவர் ஆங்கிலத்தில் சொன்னார். வெல்ஷ் என்ற கம்பெனிப் படை அதிகாரிக்கு வளரி எறியக் கற்றுக்கொடுத்தவர் சின்ன மருது. அதே வெல்ஷ் பின்னர் மருதுவை எதிர்த்துப் போரிட்டவர். 1818-இல், இந்தத் தேவாலயம் எழுந்த அதே ஆண்டில், அவர் பினாங்குக்கு வந்தபோது நொடித்துப்போன ஒருவர் அவரைப் பார்க்க வந்தார். கிழவர் என்று வெல்ஷ் நினைத்தார். பெயரைக் கேட்டபோதுதான் அது துரைசாமி என்று தெரிந்தது. கணக்குப் பார்த்தால் அவருக்கு வயது முப்பதைச் சற்றே தாண்டியிருக்கும்.

“கட்டடம் கட்டிய கைதிகள் வேறு, நாடு கடத்தப்பட்ட இவர்கள் வேறு. இரண்டையும் கலக்கக் கூடாது. ஆனால் இரண்டு கூட்டத்தையும் கொண்டுவந்தது ஒரே கம்பெனி, இறக்கியது ஒரே கரை” என்று அப்பா முடித்தார். வகுப்பறைக் குரல்! குழுவிலிருந்த ஈப்போவைச் சேர்ந்த சீனத் தம்பதி அதன் பிறகு அப்பாவின் பக்கத்திலேயே நடந்துவந்தார்கள்.

சீனர்கள் வணங்கும் கருணை தேவியின் கோயிலில் ஊதுவத்திப் புகை கண்ணைக் கரித்தது. 1833-இல் எழுந்த ஸ்ரீ மகா மாரியம்மன் கோயிலில் நடை சாத்தியிருந்தது. கப்பித்தான் கெலிங் பள்ளிவாசலில் பெண்களுக்கு அங்கி கொடுத்தார்கள். 1801-இல் அதைத் தொடங்கியவர் தென்னிந்திய முஸ்லிம்களின் தலைவரான காதர் முகைதீன். குவிமாடத்தோடு கூடிய இன்றைய தோற்றம் 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்தது. இந்த மூன்றும் ஒன்றுக்கொன்று கூப்பிடு தூரத்தில். பள்ளிவாசலின் நீண்ட நடைக்கூடத்தில் குளிர்ந்த பளிங்கில் கால் வைத்ததும் எல்லோருக்குமே உயிர் வந்தது.

ஆர்மீனியன் வீதியில் சுவரோவியங்கள். மிதிவண்டியில் இரு குழந்தைகள் செல்லும் ஓவியத்தின் முன் பெரிய வரிசை. 2012-இல் எர்னஸ்ட் ஜக்கரேவிச் வரைந்தது. அழகான ஓவியம்தான். ஆனால் அந்த வரிசையில் நின்ற நேரத்தில் இரண்டு கடைவீடுகளுக்குள் போய்ப் பார்த்திருக்கலாம்.

கடைவீடுகளைப் பற்றி வழிகாட்டி சொன்னதுதான் இன்று நான் கேட்டவற்றில் கனமானது. இவ்வளவு பழைய வீடுகள் இடிபடாமல் நின்றதற்கு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் பெரிய காரணம். வாடகையை ஏற்ற முடியாது என்பதால் இடித்துக் கட்ட யாரும் முனையவில்லை. தச்சரும் கொல்லரும் பூக்கட்டுபவரும் தலைமுறைகளாகக் குடியிருந்தார்கள். 2000-இல் அந்தச் சட்டம் விலகியது. வாடகை பல மடங்கானது, ஆயிரக்கணக்கானோர் வெளியேறினார்கள். 2008 ஜூலையில் மலாக்காவுடன் சேர்த்து யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் இந்நகர் ஏறியபோது, அதை அப்படிக் காத்துவைத்தவர்களில் பலர் தீவின் வேறு மூலைகளில் அடுக்குமாடிகளில் இருந்தார்கள். “எங்கள் குடும்பமும் அப்படித்தான் போனது. நாங்கள் இருந்த வீடு இப்போது ஓட்டல்” என்று ஒரு திசையைக் காட்டினார். குழுவை அங்கே அழைத்துப் போகவில்லை.

கூ என்னும் சீனக் குலத்தாரின் கூ கொங்சி மாளிகையில் கூரையின் மீது யாழிகளும் பறவைகளும் நெருக்கியடித்துக்கொண்டிருந்தன. 1901-இல் முந்தைய மாளிகை எரிந்துபோக, அரசனின் அரண்மனையை மிஞ்சியதால் வானத்துக்கு வந்த கோபம் என்று நம்பி, அளவைக் குறைத்து 1906-இல் முடித்தார்களாம். குறைத்ததே இப்படி!

கடைசியாகச் சியூ குலத்தாரின் படகுத்துறை. கடலுக்குள் கால் நட்ட மரவீடுகள், நடுவே பலகைப் பாதை. துறைமுகத்தில் சுமை தூக்கிய சீனக் குடியேறிகள் குலத்துக்கொரு துறையாகக் கட்டியவை. நிலத்தில் இல்லாததால் நிலவரி கிடையாது. சீனப் புத்தாண்டின் ஒன்பதாம் நாளுக்கு முந்தைய இரவில் இங்கே முழுக் கரும்புகளைக் கட்டி விண்ணரசரை வணங்குவார்கள். பகைவரிடமிருந்து தங்கள் முன்னோர் கரும்புத் தோட்டத்தில் ஒளிந்து பிழைத்த நன்றிக்கு. படமெடுக்க வேண்டாம் என்று சில வாசல்களில் எழுதியிருந்தது. அதை மீறிப் படமெடுத்த இருவரை வழிகாட்டி கண்டித்தார், எனக்கு நிறைவாக இருந்தது.

12 நவம்பர், செவ்வாய். பூக்கெட்

நேற்றிரவு களைப்பில் எழுதாமல் விட்டதை முதலில் முடிக்கிறேன். சுற்றுலா ஐந்தரைக்கு முடிந்ததும் குழு கப்பலுக்குத் திரும்பியது. நாங்கள் திரும்பவில்லை. வழிகாட்டி வழி சொல்ல, லிட்டில் இந்தியா வழியாக மாரியம்மன் கோயிலுக்குப் போனோம். நடை திறந்திருந்தது. அர்ச்சனைக்குப் பெயர் கேட்டபோது அப்பா தன் பெயரைச் சொல்லாமல், “துரைசாமி” என்றார். நட்சத்திரம் தெரியாது என்றதும் சுவாமி பெயருக்கே செய்கிறேன் என்று குருக்கள் சொல்ல, அப்பா விடவில்லை. அந்தப் பெயரைச் சொல்லியே அர்ச்சனை நடந்தது.

பிறகு நாசி கண்டார் சாப்பிட்டோம். காவடி போலத் தோளில் தடியை வைத்து, ஒரு முனையில் சோறும் மறுமுனையில் குழம்பும் சுமந்து துறைமுகத் தொழிலாளர்களுக்குத் தமிழ் முஸ்லிம்கள் விற்கத் தொடங்கிய உணவு இது. பல குழம்புகளைச் சோற்றின் மீது கலந்து ஊற்றுகிறார்கள். அப்பாவுக்கு அந்தக் கலவை பிடிக்கவில்லை, எனக்குப் பிடித்தது. திடீர் மழை. நனைந்தபடியே எட்டரைக்குக் கப்பலேறினோம்.

இன்று பூக்கெட்டில் சிறு படகில் கரைக்குப் போய், கடற்கரையில் இளநீர் குடித்துவிட்டு வந்தேன். அப்பா இறங்கவில்லை. கால் வீங்கியிருக்கிறது.

13 நவம்பர், புதன். கடலில்

சுற்றுலா பற்றிக் கருத்து கேட்டு அறைக்குப் படிவம் வந்தது. ஐந்து நட்சத்திரக் கட்டங்களை நிரப்புவதோடு அப்பா நிறுத்தவில்லை. தாளை வாங்கி இரண்டு பக்கம் எழுதினார். நான் ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்தேன். வழிகாட்டியின் அறிவையும் பரிவையும் முதலில் பாராட்டியிருக்கிறார். பிறகு கேட்பது இதுதான்: நாலு மணி நேரச் சுற்றுலாவில் லைட்டுக்குக் கால் மணி நேரம் உண்டென்றால், கோட்டையையும் தேவாலயத்தையும் கட்டிய கைதிகளுக்கு ஐந்து நிமிடமும், 1802-இல் வந்திறங்கியவர்களுக்கு இரண்டு நிமிடமும் ஒதுக்குங்கள். எந்த இடத்தில் நின்று சொன்னால் நிழல் இருக்கும் என்பதையும் குறித்திருக்கிறார்.

நான் முழுமையாக உடன்படுகிறேன். ஒரு நகரின் சுவர்களைக் காசு வாங்கிக்கொண்டு காட்டுகிறவர்கள், அவற்றைச் சுமந்து ஏற்றிய கைகளைச் சொல்லக் கடமைப்பட்டவர்கள். வழிகாட்டிக்கும் அதே விருப்பம் இருந்ததைப் பார்த்தேன். அவர் கையிலிருந்த கால அட்டவணைதான் இடம் கொடுக்கவில்லை.

14 நவம்பர், வியாழன். சிங்கப்பூர்

காலையில் கப்பலை விட்டு இறங்கினோம். விமானம் இரவில்தான் என்பதால் புனித ஆண்ட்ரூ பேராலயத்துக்குப் போனோம். வழிகாட்டி விடைபெறும்போது, “ஐயா, சிங்கப்பூரில் அதை விடாமல் பாருங்கள்” என்று சொல்லியிருந்தார். 1825-இல் சுமத்திராவின் பெங்கூலனிலிருந்து இங்கே முதலில் கொண்டுவரப்பட்ட தொகுதி மெட்ராஸ் மாகாணத்துக் கைதிகள். 1856-இல் அடிக்கல் நாட்டி, 1861-இல் முதல் வழிபாடு நடந்த இந்தப் பேராலயமும் இந்தியக் கைதிகளின் உழைப்பு. உட்சுவரில் பூசியது மெட்ராஸ் சுண்ணம்: கிளிஞ்சல் சுண்ணாம்பு, முட்டையின் வெள்ளைக்கரு, கரடான சர்க்கரை ஆகியவற்றை அரைத்து, தேங்காய் மட்டை ஊறிய நீரில் குழைத்து, காய்ந்த பின் தேய்த்துத் தேய்த்து மெருகேற்றியது.

அப்பா அங்கிருந்த தொண்டரிடம் பூச்சைப் பற்றி விசாரிக்கத் தொடங்கி, செட்டிநாட்டு வீடுகளில் இன்றும் இதே முறையில் சுவர் பூசுபவர்கள் இருக்கிறார்கள் என்று விளக்கினார். தொண்டர் அந்த ஊர்ப் பெயர்களைக் கேட்டு எழுதிக்கொண்டார். காரைக்குடி, கானாடுகாத்தான், ஆத்தங்குடி என்று அப்பா சொல்ல, நான் ஆங்கில எழுத்துகளைக் கூட்டிச் சொன்னேன். பிறகு டாக்ஸி பிடித்து விமான நிலையம் வந்தோம்.