கடையை மூடியாயிற்று, போர்டு இன்னும் தொங்குகிறது

போன ஜூலையில் என் கம்ப்யூட்டரின் சி டிரைவ் சிவப்பாகிவிட்டது. 256 ஜிபி எஸ்எஸ்டி என்று சொல்லி வாங்கியது, விண்டோஸ் கணக்கில் அது 238 ஜிபிதான். அதில் மிச்சம் இருந்தது 4. கணக்கு எழுதும் டேலி மென்பொருளைத் திறந்தால் அது யோசித்து யோசித்துத் திறக்கிறது. எக்செல் ஒரு ஃபைலைச் சேமிக்க மாட்டேன் என்று அடம்பிடிக்கிறது. ஈரோட்டில் ஓர் ஆடிட்டர் அலுவலகத்தில் வேலை எனக்கு. ஜூலை என்றால் வருமான வரி ரிட்டர்ன் தலைக்கு மேல் கிடக்கும் மாதம். அந்த நேரத்திலா இது?

அக்கா மகன் இங்கே காலேஜில் சேர்ந்து எங்கள் வீட்டில் தங்கியிருக்கிறான். எட்டிப் பார்த்துவிட்டு, "சித்தி, இதுல பாதி கேமுதான். எப்பக் கடைசியா விளையாடுனீங்க?" என்றான். பதில் சொல்லக் கொஞ்சம் கூச்சமாக இருந்தது. "கொரோனாவுல" என்றேன்.

"அப்ப தூக்கிடலாமே" என்று சொல்லி, நான் காபி போட்டு வருவதற்குள் ஒரு கேமின் ஃபோல்டரை ரைட் கிளிக் செய்து டெலீட் அடித்து, ரீசைக்கிள் பின்னையும் காலி செய்துவிட்டான். முடிந்தது என்று கையைத் தட்டிக்கொண்டான்.

எங்கும் முடியவில்லை. செட்டிங்ஸில் இன்ஸ்டால் ஆன செயலிகளின் பட்டியலில் அந்த கேமின் பெயர் அப்படியே நின்றது. அன்இன்ஸ்டால் என்று அழுத்தினால், அன்இன்ஸ்டால் செய்யும் ஃபைலையே காணோம் என்று விண்டோஸ் சொன்னது. அந்த ஃபைல் இருந்தது அவன் அழித்த ஃபோல்டருக்குள். பூட்டைத் திறக்காமல் சாவியைக் கிணற்றில் போட்ட கதை.

எங்கள் தொழிலில் இதை தினமும் பார்க்கிறேன். ஒருவர் கடையை இழுத்து மூடிவிட்டு, "மூடியாச்சுங்க, இனி ஒன்னுமில்ல" என்பார். இருக்கிறது. ஜிஎஸ்டி பதிவை ரத்து செய்ய வேண்டும், ரத்து ஆன மூன்று மாதத்துக்குள் ஜிஎஸ்டிஆர்-10 என்ற கடைசி ரிட்டர்னைத் தாக்கல் செய்ய வேண்டும். கரண்ட் அக்கவுண்ட், மின் இணைப்பு, கடைப் பெயரில் வாங்கிய சிம் என்று ஒவ்வொன்றையும் தனித்தனியாக மூட வேண்டும். ஷட்டரை இறக்குவது இவற்றில் ஒன்று மட்டும்தான். ஆன்லைன் கேமும் அதே மாதிரிதான் என்று அன்றைக்குத்தான் உறைத்தது. இத்தனை வருடமாக நானும் ஷட்டரை மட்டும் இறக்கிவிட்டுப் போய்க்கொண்டிருந்திருக்கிறேன்.

அவன் செய்த வேலையைச் சரிசெய்ய இரண்டு வழி. அதே கேமை மறுபடி இறக்கி இன்ஸ்டால் செய்து, முறையாக அன்இன்ஸ்டால் செய்யலாம். 60 ஜிபியை இறக்கி, உடனே அழிக்க எனக்குப் பொறுமை இல்லை. இன்னொன்று, விண்டோஸ் எல்லாவற்றையும் குறித்து வைக்கும் ரெஜிஸ்ட்ரி என்ற பேரேட்டுக்குள் போய் 'அன்இன்ஸ்டால்' என்ற கிளையில் அந்த கேமுக்கு உரிய வரியை நீக்குவது. அதைத்தான் செய்தேன். முதலில் அந்தக் கிளையை எக்ஸ்போர்ட் செய்து வைத்துக்கொண்டேன். பக்கத்து வரியை அழித்துவிட்டால் யாரைப் போய்க் கேட்பது? ரெஜிஸ்ட்ரி பழக்கமில்லாதவர்கள் கை வைக்க வேண்டாம். மைக்ரோசாஃப்டே இதற்கென்று இலவசமாக ஒரு டிரபிள்ஷூட்டர் தந்துவந்தது, கிடைத்தால் அதை ஓட்டிப் பார்க்கலாம்.

அப்புறம்தான் ஒழுங்காக உட்கார்ந்தேன். வின்டிர்ஸ்டாட் (WinDirStat) என்று ஒரு பழைய இலவச மென்பொருள் உண்டு. டிரைவில் எது எவ்வளவு இடம் பிடித்திருக்கிறது என்று வண்ணக் கட்டங்களாகப் போட்டுக் காட்டும். அது தேடும் நேரத்தில் சின்னச் சின்ன பேக்மேன்கள் இடமும் வலமுமாக ஓடிக்கொண்டிருக்கும். தேடி முடித்ததும் பார்த்தால், எனக்குத் தெரிந்த கேம்களைவிடத் தெரியாத கட்டங்கள்தான் அதிகம்.

எல்லாம் 'ஆப்டேட்டா' என்ற ஃபோல்டருக்குள். அது சாதாரணமாகக் கண்ணுக்குத் தெரியாது, மறைந்திருப்பதையும் காட்டச் சொல்லி வியூ மெனுவில் டிக் அடிக்க வேண்டும். உள்ளே லோக்கல், லோக்கல்லோ, ரோமிங் என்று மூன்று அறைகள். கேமின் செட்டிங்ஸ், கேஷ் என்று தற்காலிகமாகச் சேர்த்து வைப்பவை, கிராஷ் ஆனபோது எழுதிய லாக் எல்லாம் இங்கே சேரும். கேமை அன்இன்ஸ்டால் செய்தாலும் பெரும்பாலும் இது தப்பித்துவிடும். கேம் விற்கும் ஆன்லைன் கடையான ஸ்டீமும் அப்படித்தான், தான் கொண்டுவந்து வைத்த ஃபைல்களைத்தான் எடுத்துக்கொண்டு போகும். கேம் தானாக எழுதியதும், கேமை மாற்ற நாமே சேர்த்த 'மோட்' ஃபைல்களும் அங்கேயே கிடக்கும். இன்னொரு சிக்கல், இங்கே ஃபோல்டர்கள் கேமின் பெயரில் இருக்காது. கம்பெனி பெயரில் இருக்கும், இல்லாவிட்டால் உருவாக்கும்போது வைத்த செல்லப்பெயரில் இருக்கும். கம்ப்யூட்டர் பப்ஜி தன் செட்டிங்ஸை 'டிஎஸ்எல்கேம்' என்ற பெயரில் வைக்கிறது. அந்தப் பெயரைப் பார்த்தால் யாருக்குப் பப்ஜி ஞாபகம் வரும்?

பப்ஜி என்றதும் நினைவு வருகிறது. என்னுடைய பெரிய குற்றவாளி அதன் மொபைல் தம்பிதான்.

2020 லாக்டவுனில் என் போன் மிகப் பழையது. அதனால் போன் கேம்களைக் கம்ப்யூட்டரில் ஓட்டும் கேம்லூப் என்ற எமுலேட்டரைப் போட்டுப் பப்ஜி மொபைல் விளையாடினேன். நான், ஷார்ஜாவில் இருக்கும் என் தம்பி, அவனுடைய அறைத்தோழன், எங்கள் ஆபீஸ் ஜூனியர் பெண், இந்த நாலு பேர்தான் டீம். இங்கே பத்து மணி என்றால் அங்கே எட்டரை, அவர்கள் சாப்பிட்டு முடித்து வருவார்கள். மற்ற மூவரும் போனில் ஆடினாலும், டீமில் ஒருத்தர் எமுலேட்டர் என்றால் எல்லோரையும் எமுலேட்டர் ஆட்களோடுதான் கோத்துவிடுவார்கள். எதிரில் இருப்பவர்கள் மவுஸ் வைத்துக் குறிபார்ப்பவர்கள். போனில் கட்டைவிரலால் ஆடும் இவர்கள் பொச்சின்கியில் (கேமின் மேப்பில் ஓர் ஊர்) இறங்கிய மூன்றாவது நிமிடம் செத்துப்போவார்கள். "அக்கா, உன்னால எங்களுக்கும் சேர்த்து அடி" என்பான் தம்பி. ஆனாலும் மறுநாள் பத்து மணிக்கு வந்துவிடுவான்.

2020 செப்டம்பர் 2 அன்று மத்திய அரசு 118 செயலிகளுக்குத் தடை போட்டது, பப்ஜி மொபைலும் அதில் ஒன்று. ஏற்கெனவே வைத்திருந்தவர்களுக்கு மட்டும் அக்டோபர் 30 வரை ஓடியது. கடைசி வாரம் தினமும் ஆடினோம். அதற்கப்புறம் அந்த எமுலேட்டரை நான் திறக்கவும் இல்லை, நீக்கவும் இல்லை. நிரலும் அதன் மெய்நிகர் டிஸ்க்கும் சி டிரைவில் 9 ஜிபி. இறக்கிய ஃபைல்களுக்கு என்று டி டிரைவில் 'டெம்ப்' என்ற பெயரில் தனியாக ஒரு ஃபோல்டர், அதில் இன்னொரு 6. ஐந்து வருடம், வாடகை இல்லாமல். எமுலேட்டரை அன்இன்ஸ்டால் செய்து, டெம்ப்பைக் கையால் அழித்தேன். பத்து நிமிட வேலை. அதைச் செய்ய ஏன் ஐந்து வருடம் ஆனது என்று என்னிடம் கேட்காதீர்கள்.

அடுத்தது காவல்காரர்கள். ஆன்லைன் கேம்களில் திருட்டு ஆட்டம் ஆடுபவர்களைப் பிடிக்க ஆன்டி-சீட் என்று ஒரு தனி நிரலைப் போடுவார்கள். சில, விண்டோஸின் அடித்தளமான கெர்னல் மட்டத்திலேயே, டிரைவர் என்ற வகை நிரலாக உட்கார்ந்துகொள்ளும். வேலரண்ட் என்ற கேமின் காவல்காரனான வேன்கார்ட், கம்ப்யூட்டர் ஆன் ஆகும்போதே எழுந்துவிடும். பட்டியலில் அதற்குத் தனி வரி உண்டு, வேலரண்டை நீக்குபவர்கள் அந்த வரியையும் பார்த்துத் தனியாக நீக்க வேண்டும். நான் இரண்டு வருடம் முன்பே எடுத்துவிட்ட ஒரு சுடும் கேமின் (பெயர் வேண்டாம்) காவல்காரன், பின்னணியில் ஓடும் நிரல்களைக் காட்டும் சர்வீசஸ் பட்டியலில் இன்னும் டூட்டியில் இருந்தான். காக்க வேண்டிய வீடே இல்லை, வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருக்கிறான்.

இதைச் சும்மா இடப் பிரச்சினை என்று நினைக்க வேண்டாம். கென்ஷின் இம்பாக்ட் என்ற கேமின் ஆன்டி-சீட் டிரைவர் ஒன்றை, ஃபைல்களைப் பூட்டிப் பணம் கேட்கும் ரான்சம்வேர் கும்பல் எடுத்து, ஆன்டிவைரஸை நிறுத்தப் பயன்படுத்தியது பற்றி 2022 ஆகஸ்டில் டிரெண்ட் மைக்ரோ என்ற பாதுகாப்பு நிறுவனம் எழுதியிருந்தது. பாதிக்கப்படும் கம்ப்யூட்டரில் அந்த கேம் இருக்க வேண்டும் என்றுகூட இல்லை, நம்பகமானது என்று டிஜிட்டல் கையெழுத்திட்ட டிரைவர் ஃபைல் ஒன்று போதும். அதைப் படித்ததிலிருந்து, வேலையில்லாத டிரைவர் என் கம்ப்யூட்டரில் இருப்பது எனக்குப் பிடிப்பதில்லை.

ஆனால் இங்கேயும் கண்ணை மூடிக்கொண்டு வெட்டக் கூடாது. ஈசி ஆன்டி-சீட், பேட்டில்ஐ இரண்டும் பல கேம்களுக்குப் பொதுவானவை. நீங்கள் இன்னும் ஆடும் ஒன்றுக்கும் அது தேவைப்படலாம். அக்கா மகன் ஆர்வத்தில் 'விஷுவல் சி++' என்று தொடங்கும் பத்துப் பன்னிரண்டு வரிகளையும் தூக்கப் பார்த்தான். கையைப் பிடித்து நிறுத்தினேன். கேமோடு வந்ததுதான், ஆனால் வேறு மென்பொருள்களும் அதன் மேல்தான் நிற்கின்றன.

கம்ப்யூட்டர் முடிந்ததும் அதே வேகத்தில் டிவிக்குக் கீழே இருந்த பிளேஸ்டேஷன் 4 (பிஎஸ்4) கேம் பெட்டிக்கு வந்தேன். அது தம்பியுடையது, ஷார்ஜா போகும்போது விட்டுப் போனான். அதில் 'தி க்ரூ' இருந்தது. 2014 டிசம்பரில் வந்த கார் ஓட்டும் கேம். மொத்த அமெரிக்காவையும் சுருக்கி உள்ளே வைத்திருப்பார்கள். நியூயார்க்கில் கிளம்பினால் லாஸ் ஏஞ்சல்ஸ் சேர முக்கால் மணி நேரம் ஆகும். பந்தயத்தில் எனக்கு ஆர்வம் இல்லை. ராத்திரி சாப்பிட்டுவிட்டு நான் ஓட்டுவேன், தம்பி பக்கத்தில் உட்கார்ந்து, "லெஃப்ட்ல ஒடி, லெஃப்ட்ல ஒடி" என்று வழி சொல்வான். பாலைவனம் வந்ததும் இருவரும் பேச்சை நிறுத்திவிடுவோம். ஈரோட்டிலிருந்து பவானி வரைகூட நான் தனியாக கார் ஓட்டிப் போனதில்லை.

அந்த கேம் தனியாக ஆடினாலும் கம்பெனியின் சர்வரோடு பேசிக்கொண்டே இருக்க வேண்டும். 2024 மார்ச் 31-ல் சர்வரை நிறுத்திவிட்டார்கள். டிஸ்க் இருக்கிறது, கேம் இன்ஸ்டால் ஆகியிருக்கிறது, திறந்தால் உள்ளே போக முடியாது. இதை வைத்துத்தான் ராஸ் ஸ்காட் என்ற யூடியூபர் 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்' (கேம்களைக் கொல்வதை நிறுத்து) என்ற இயக்கத்தைத் தொடங்கினார். ஐரோப்பிய ஒன்றியத்தில் அதற்குக் கையெழுத்து 2025 ஜூலையில் 10 லட்சத்தைத் தாண்டியது. கலிஃபோர்னியாவில் 2025 ஜனவரி முதல், டிஜிட்டலாக விற்பவர்கள் இது வெறும் லைசென்ஸ்தான் என்று வாங்குபவருக்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்று சட்டமே வந்துவிட்டது. நல்லதுதான். லீசுக்கு விடுவதைக் கிரயம் என்று சொல்லி விற்றால் எங்கள் சார்பதிவாளர் அலுவலகத்தில் சும்மா விடுவார்களா?

பிஎஸ்4-ல் நீக்குவது சுலபம். கேமின் மேல் நின்று ஆப்ஷன்ஸ் பட்டனை அழுத்தினால் டெலீட் வரும். எதுவரை ஆடினோம் என்ற சேவ் டேட்டா அதோடு போகாது, செட்டிங்ஸில் அதற்குத் தனி இடம் இருக்கிறது. நீங்கள் இன்னும் ஆட நினைக்கும் கேம் என்றால் அங்கே கை வைப்பதற்கு முன் யோசியுங்கள், கேமை மறுபடி இறக்கலாம், அதில் நீங்கள் ஆடிய மணி நேரங்களை இறக்க முடியாது.

கடைசியாகப் பணம். இதை எழுதவே வெட்கமாக இருக்கிறது. அன்இன்ஸ்டால் செய்த ஒரு கேமின் மாதச் சந்தா 349 ரூபாய் என் கார்டிலிருந்து 14 மாதமாகப் போய்க்கொண்டிருந்தது. 4,886 ரூபாய். ரிசர்வ் வங்கி விதிப்படி, 2021 அக்டோபரிலிருந்து இப்படித் தானாகப் பிடிப்பதற்கு 24 மணி நேரம் முன்பே தகவல் அனுப்ப வேண்டும். எனக்கும் மாதா மாதம் எஸ்எம்எஸ் வந்திருக்கிறது. ஊரார் கணக்கில் ஒன்றே கால் ரூபாய் இடித்தால் ராத்திரி தூங்காதவள், என் கார்டுக்கு வந்ததைப் படிக்காமல் தள்ளிவிட்டிருக்கிறேன். சந்தாவை நிறுத்தி, அந்த அக்கவுண்ட்டிலிருந்து கார்டையும் எடுத்தேன். இனி எந்தக் காலத்திலும் போகமாட்டேன் என்று தெரிந்த மூன்று அக்கவுண்ட்டுகளை மொத்தமாக அழிக்கச் சொல்லி விண்ணப்பித்தேன். காசு கொடுத்து வாங்கிய கேம்கள் இருக்கும் அக்கவுண்ட்டை அழித்தால் அவையும் சேர்ந்து போய்விடும், அதனால் மற்றவற்றை விட்டுவிட்டேன்.

இவ்வளவுக்கும் பிறகு அழிக்க முடியாத ஒன்று பிஎஸ்4-ல் மாட்டியது. ஆடி ஜெயித்ததற்குத் தரும் டிராஃபிகளின் பட்டியலில் 'தி க்ரூ' அப்படியே இருந்தது, என் பெயரில் மூன்று வெண்கலம். ஒன்றுமே ஜெயிக்காமல் பூஜ்ய சதவீதத்தில் நிற்கும் கேமைப் பட்டியலிலிருந்து நீக்கலாம். ஒரே ஒரு டிராஃபி வாங்கியிருந்தாலும் முடியாது. தம்பியிடம் போனில் சொன்னேன். அவனுடையதில் பதினொன்று இருக்கிறதாம்.

"டிஸ்க் எங்கக்கா?" என்றான்.

"இருக்குது, ரிமோட் பேட்டரி போட்டு வைக்கிற டப்பாவுல."

"தூக்கிப் போட்றாத."

தூக்கிப் போடவில்லை. மறுநாள் டப்பாவைத் திறந்த அம்மா, இது வேண்டுமா என்று என்னைக் கேட்டாள், ஆபீஸ் கிளம்பும் அவசரத்தில் நானும் சரி சரி என்று தலையாட்டிவிட்டேன். இப்போது அது மொட்டை மாடியில், அம்மாவின் கீரைத் தொட்டிகளுக்கு மேலே, மற்ற இரண்டு பழைய சிடிகளோடு நூலில் தொங்கிக்கொண்டு வெயிலில் திரும்பித் திரும்பி மின்னுகிறது. புறாக்கள் பயப்படுவதாகத் தெரியவில்லை. சி டிரைவில் 97 ஜிபி காலி, டேலி சட்டென்று திறக்கிறது. தம்பியிடம் இன்னும் சொல்லவில்லை.