மிஞ்சின பியர் யாருக்கு?

ஜூன் 8

பக்கத்து வீட்டு அண்ணன் மிஞ்சின பியரை ரோஜாத் தொட்டியில் கவிழ்த்துவிட்டு, "ஈஸ்ட் இருக்குல்லா, நல்ல உரம்டே" என்கிறார். பியரில் பெரும்பங்கு தண்ணீர்தான், நைட்ரஜன் பேருக்குத்தான் இருக்கும், மிச்சம் கிடக்கிற சர்க்கரைச் சத்து எறும்பையும் பூஞ்சையையும் கூப்பிடும். ஒரு கை சாணிப்பொடி போட்டாலே இதைவிட மேல்.

ஜூன் 12

ராத்திரி முழுக்க மழை. கீரை நாற்றை எல்லாம் ஓடில்லாத நத்தை மேய்ந்திருக்கிறது. பியருக்கு உருப்படியான வேலை இங்கேதான்: புளித்த ஈஸ்ட் வாசனைக்கு அதுகள் தேடி வந்து விழுந்து சாகும். சின்னக் கிண்ணத்தை மண்ணில் புதைக்கணும், விளிம்பு மட்டும் கொஞ்சம் மேலே நிற்கணும், இல்லாவிட்டால் நத்தையைத் தின்னும் நல்ல வண்டுகளும் உள்ளே போய்விடும். மழைத்தண்ணி விழாமல் மேலே ஒரு சிரட்டையைச் சாய்த்து வைத்தேன். பியர் வாங்க மனசில்லாதவர்கள் சர்க்கரைத் தண்ணியில் பேக்கரி ஈஸ்டைக் கலந்து வைக்கலாம், அதற்கும் வரும். ஆப்பிரிக்க ராட்சத நத்தைக்கு இந்தக் கிண்ணம் எந்த மூலைக்கு? அதைக் கையுறை போட்டுப் பொறுக்கி உப்புத் தண்ணியில் போடணும். வெறுங்கையால் தொடவே கூடாது, மூளைக் காய்ச்சல் வரவைக்கும் புழு அதில் இருக்கலாம்.

ஜூன் 19

செம்பருத்தியில் மாவுப்பூச்சி. மெடிக்கல் ஷாப்பில் கிடைக்கிற 70 சதவீத ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலைப் பஞ்சில் நனைத்து பூச்சி மேலே மட்டும் தொட்டு வைத்தேன், அதன் மெழுகுப் போர்வை கரைந்து பூச்சி காய்ந்துவிடும். முதலில் ஒரு இலையில் வைத்துப் பார்த்துவிட்டு, வெயில் தாழ்ந்தபிறகுதான் மற்றதில். முட்டை தப்பிவிடும் என்பதால் வாராவாரம் திரும்பச் செய்யணும். கொரோனா காலத்து சானிடைசர் ஜெல்லைத் தடவாதீங்க, அதில் வேறு என்னென்னமோ சேர்த்திருப்பான்.

ஜூன் 25

அண்ணன் மகன் ஒரு மெசேஜைக் காட்டினான், "சரக்கு ஊத்தினா செடி சாயாம நிக்குமாம்". முழுப்பொய் இல்லை. அமெரிக்காவில் கார்னெல் பல்கலைக்கழகத்து வில்லியம் மில்லர் 2006-ல் வெளியிட்ட ஆய்வில், நார்சிசஸ் கிழங்குச் செடிக்கு 4 முதல் 6 சதவீத ஆல்கஹால் கலந்த தண்ணி விட்டபோது தண்டும் இலையும் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் குட்டையாகி, பூ மட்டும் வழக்கம்போலப் பூத்தது. வேருக்குத் தண்ணி சரியாகக் கிடைக்காமல் போவதுதான் காரணம் என்கிறார். பியரும் ஒயினும் இதற்கு ஆகாது, சர்க்கரை இருக்கிறதே. ஆக, அது செடியைக் குள்ளமாக்குகிற வித்தை. நம்ம தக்காளியைக் குள்ளமாக்கி யாருக்கு என்ன லாபம்?

ஜூலை 2

அம்மா கஞ்சிவெள்ளத்தைக் கறிவேப்பிலைக்கு விடுவாள். உப்புப் போடாததாக, நன்றாக ஆறினதாக, தண்ணி சேர்த்ததாக இருந்தால் எனக்கு மறுப்பில்லை. சாயாச் சக்கையைப் பாலும் சீனியும் போகக் கழுவித்தான் போடணும். அக்கானி, அதான் பதநீர், ஊற்றலாமா என்று கேட்ட கூட்டுக்காரனுக்கு, "குடிச்சிரு மக்கா" என்றேன்.

பாலுக்கு ஒரு வேலை இருக்கிறது. பூசணி இலையில் வெள்ளையாகச் சாம்பல் நோய் தெரிந்தால் ஒரு பங்கு பாலில் ஒன்பது பங்கு தண்ணி கலந்து, வெயில் நேரத்தில் இலையின் இரண்டு பக்கமும் தெளிக்கலாம். பிரேசிலில் சுக்கினி என்கிற பூசணி வகையில் செய்து பார்த்து 1999-லேயே எழுதியிருக்கிறார்கள். கெட்டியாக விட்டால் புளித்து நாறும், அதையும் அம்மாவிடம் சொல்லிவிட்டேன்.