90 நொடி

மார்ச் 3, திங்கள்

நான்கு நிமிடமாக இருந்த என் டிவி சினிமா விமர்சனப் பகுதியை இன்றிலிருந்து 90 நொடியாக்கிவிட்டார்கள். அதில் 40 நொடி படத்தின் கிளிப் ஓடும். மிச்சம் 50. நிதானமாகப் பேசினால் நூறு சொல் தேறாது.

இந்த வாரப் படம் இரண்டரை மணி நேரம். அதில் என் மனதில் நின்றது, கணவன் வீட்டைவிட்டுப் போன மறுநாள் காலை மனைவி ஈரத் துணியை உதறி உதறிக் கொடியில் போடும் காட்சி. வசனம் இல்லை, பின்னணி இசை இல்லை. அதைச் சொன்னால் கதாநாயகன் நடிப்பைப் பற்றிச் சொல்ல நேரமில்லை. கதாநாயகனை விட்டேன். அப்புறம் என்ன, போன் வந்தது.

மார்ச் 5, புதன்

பத்திரிகையாளர் காட்சி. இருட்டில் எழுதிய குறிப்பில் ஒரு வரி: "தண்ணீர், சத்தம், ஏன்?" ஏன் என்று எனக்கும் புரியவில்லை.

மார்ச் 8, சனி

அமெரிக்க சினிமா விமர்சகர்கள் சிஸ்கல், ஈபர்ட் இருவரின் பழைய டிவி நிகழ்ச்சிகளை ராத்திரி முழுக்கப் பார்த்தேன். சிகாகோவில் ஒருவர் ட்ரிப்யூன், மற்றவர் சன்-டைம்ஸ், போட்டிப் பத்திரிகைக்காரர்கள். 1975இல் அங்குள்ள பொதுத் தொலைக்காட்சி இருவரையும் சேர்த்து உட்காரவைத்தது. யார் பெயர் முதலில் வருவது என்பதற்கே காசு சுண்டிப் பார்த்தார்களாம்.

ஊருக்கெல்லாம் ஞாபகம் இருப்பது, படம் பிடித்தால் மேலே, பிடிக்காவிட்டால் கீழே அவர்கள் காட்டிய அந்தக் கட்டைவிரல்தான். அதை வணிக முத்திரையாகவே பதிவு செய்துகொண்டார்கள். எனக்குப் பிடித்தது விரலைத் தூக்குவதற்கு முந்தைய சண்டை. ஒருவர் பேசும்போது மற்றவர் முகத்தைப் பார்க்க வேண்டும், எப்போதடா முடிப்பான் என்று தவிக்கும். நான் கேமராவிடம் பேசுகிறேன். அது இதுவரை ஒருமுறைகூட 'இல்லை சார்' என்று சொன்னதில்லை.

மார்ச் 11, செவ்வாய்

என்னோடு சண்டை போட ஒரு ஆள் வேண்டும் என்று நிகழ்ச்சித் தயாரிப்பாளரிடம் இரண்டாவது நாற்காலி கேட்டேன். "சார், மார்க்கைத் திரையில் பெரிசா போட்டுடலாமா?" என்றார். ஐந்துக்கு மூன்றரை போட்டால் யாருக்கும் கோபம் வராதாம். எனக்கு வந்தது.

மார்ச் 14, வெள்ளி

தொண்டை கட்டிவிட்டது. ஈபர்ட் 2006இல் அறுவை சிகிச்சைக்குப் பிறகு பேச்சையே இழந்தவர். 2013இல் இறக்கும்வரை எழுத்தை விடவில்லை. எனக்கு வெறும் சளி. இருந்தாலும், பேசிப் பிழைப்பவனுக்குக் குரல் கம்மினால் வயிறு கலங்கத்தான் செய்கிறது.

வாரத் தொகுப்புக்கு என் ஸ்கிரிப்டை உதவி எடிட்டர் பெண் படித்தாள். துணிக்காட்சி வந்ததும் நிறுத்திவிட்டாள்.

"இது எதுக்கு சார் இவ்ளோ நல்லாருக்குன்னு எழுதியிருக்கீங்க? எனக்கு இழுவையாத்தான் இருந்துச்சு."

"அவன் சட்டையும் அந்தக் கொடியில இருக்கும்மா, கவனிச்சியா?" என்றேன், கரகரத்த குரலில்.

"கவனிச்சேன். போனவன் சட்டையை நான்னா துவைக்கவே மாட்டேன்."

பதினேழு வருஷத்தில் ஒரு படத்தை நான் அப்படி யோசித்துப் பார்த்ததில்லை. விடாமல் வாதாடினேன். அவளும் விடவில்லை. மைக்கை யாரும் அணைக்கவில்லை என்று பிறகுதான் தெரிந்தது. மொத்தம் நான்கு நிமிடம் பத்து நொடி.

தயாரிப்பாளர் கேட்டுவிட்டுச் சிரித்தார். 90 நொடிக்கு வெட்டித் தரச் சொல்லியிருக்கிறார்.