பாக்கி மூன்று ரூபாய்: ஒரு பேய்ப்படத் திரைக்கதையின் நாட்குறிப்பு

மார்ச் 4

மூடிக்கிடக்கும் தம்முடைய போட்டோ ஸ்டுடியோவை இரண்டு இரவுகள் மட்டும் தருவதாக நண்பரின் தந்தை இசைந்துவிட்டார். ஆகவே, கதையை முடித்துவிட்டு இடம் தேடும் வழக்கத்தை விட்டு, இடத்துக்கேற்றபடி ஒரு நகைச்சுவைப் பேய்ப்படத்தை எழுத உட்கார்ந்தேன். அமெரிக்க இயக்குநர் ரோஜர் கோர்மனும் வேறொரு படத்துக்காகப் போட்ட அரங்கு இடிக்கப்படாமல் நின்றதைப் பார்த்துத்தான் ‘தி லிட்டில் ஷாப் ஆஃப் ஹாரர்ஸ்’ (1960) என்ற நகைச்சுவைத் திகில் படத்தை எடுத்தார். முக்கியமான படப்பிடிப்பு இரண்டே நாளில் முடிந்தது.

மார்ச் 9

கோர்மனின் அந்தப் படத்துக்குத் திரைக்கதை எழுதிய சார்ல்ஸ் கிரிஃபித், அதற்கு முந்தைய ஆண்டு எழுதிய ‘எ பக்கெட் ஆஃப் பிளட்’ படத்தில், காபிக் கடையில் கோப்பை பொறுக்கும் ஒருவன் தவறுதலாகக் கொன்ற பூனையைக் களிமண் பூசி மறைக்க, ஊரே அவனைச் சிற்பி என்று கொண்டாடுகிறது, பாராட்டு தொடர வேண்டுமானால் பிணமும் தொடர்ந்தாக வேண்டும். அடுத்த படத்தில் களிமண்ணுக்குப் பதில் இரத்தம் குடிக்கும் செடி, காபிக் கடைக்குப் பதில் பூக்கடை, அவ்வளவுதான். தன் வீட்டில் தானே திருடியவர்மீது யார் வழக்குத் தொடுப்பது? இரண்டிலும் என்னை அச்சுறுத்துவது பிணமன்று, பாராட்டுக்கு ஏங்கும் அந்த அப்பாவி முகம்.

மார்ச் 10

ஒரு பக்கம் எழுதி ஒன்றரைப் பக்கம் அடித்து நீக்கினேன்.

மார்ச் 15

வாசித்துக் காட்டியபோது நண்பர் ஒருமுறைகூடச் சிரிக்கவில்லை. நூலில் தொங்கும் காகித அட்டை வௌவாலின் நூல் தெரிவதாக என் நாயகனே சொல்லிக் காட்டும் வசனத்தில்தான் பிழை இருந்தது. தாம் நகைச்சுவைப் படத்தில் இருப்பது பாத்திரங்களுக்குத் தெரிந்துவிட்டால், பார்ப்பவர் சிரிக்க எதுவும் மிஞ்சுவதில்லை. கோர்மனின் பூக்கடையில் நடிகர் டிக் மில்லர் பூக்களுக்கு உப்புத் தூவித் தின்கிறார், மதியச் சாப்பாட்டைப் போல, அத்தனை இயல்பாக. வௌவாலை வைத்துக்கொண்டேன், வசனத்தை நீக்கினேன்.

இப்போது என் ஆவி 1974இல் எடுத்த புகைப்படத்தின் பிரதியை வாங்கிப்போக ரசீதோடு வருகிறது. கடைக்காரர் அதன் கால்களைப் பார்ப்பதில்லை. பாக்கி மூன்று ரூபாயைக் கேட்கிறார்.

மார்ச் 21

தரையில் கறை படியக் கூடாது என்பது நண்பரின் தந்தை விதித்த ஒரே நிபந்தனை. எனவே சிவப்புச் சாயம் கிடையாது. படம் கறுப்பு வெள்ளை. இயக்குநர் ஜார்ஜ் ரொமேரோ 1968இல் வந்த கறுப்பு வெள்ளைப் பேய்ப்படமான ‘நைட் ஆஃப் தி லிவிங் டெட்’ படத்தில் சாக்லேட் பாகையே இரத்தமாக்கினார் என்பதால் மனம் தேறினேன். பாகுக்கு வரும் எறும்பை என்ன செய்வது என்றுதான் விளங்கவில்லை. ஒரு காட்சியில் ஆவியே அதைப் பற்றிக் கடைக்காரரிடம் புகார் சொல்லட்டும் என்று எழுதிவைத்திருக்கிறேன்.