நயாகராவுக்குப் போனால் இந்த ராட்டினக் கம்பெனியையும் பார்த்துவிடுங்கள்

நயாகராவில் டாக்சி பிடிக்காதீர்கள். ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை, அதனால் இதை முதலில் சொல்லிவிடுகிறேன். அருவியிலிருந்து, அந்தக் கம்பெனி இருக்கும் நார்த் டோனவாண்டா ஊர் அரை மணி நேரப் பாதைதான். ஏறும்போது ஒரு ரேட் பேசிவிட்டு, இறங்கும்போது ரோடு வேலை, சுற்றி வந்தேன் என்று இன்னொரு ரேட். டிப்ஸ் வேறு எதிர்பார்ப்பு! அந்தக் காசில் குடும்பத்தோடு மதியம் சாப்பிட்டிருக்கலாம். பஸ் ஊர்ந்துதான் போகும். போகட்டும், சில டாலரில் வேலை முடியும்.

சரி, போன இடம் மரக்குதிரை ராட்டினம் செய்த ஹெர்ஷல் தொழிற்சாலை. இப்போது அருங்காட்சியகம். டிக்கெட் நயாகரா படகுச் சவாரியில் பாதிகூட இல்லை. ஸ்காட்லாந்திலிருந்து வந்த ஆலன் ஹெர்ஷல் நீராவி எஞ்சின் செய்துகொண்டிருந்தவர். 1883-ல் அதே நீராவியை ராட்டினம் சுற்றவும் வைத்தார். 1915-ல் தன் பெயரிலேயே தொடங்கிய கம்பெனியின் கட்டடம்தான் இது. பெரிய ஏரிகளில் படகேறி வந்த மரமெல்லாம் இந்த ஊரில்தான் இறங்குமாம். குதிரை செய்ய மரத்துக்கு எங்கேயும் அலைய வேண்டியதில்லை.

அந்தக் குதிரைகளைக் கிட்டப் போய்ப் பார்க்க வேண்டும். காதைப் பின்னால் மடித்து, காலை வயிற்றோடு ஒடுக்கி இருக்கும். நியூயார்க் கடற்கரைக் கேளிக்கை இடமான கோனி ஐலண்டின் ராட்டினக் குதிரைகள் மாதிரி கழுத்தில் கல் பதித்து, பிடரியைப் பறக்கவிடும் ஜம்பமெல்லாம் கிடையாது. இவை ஊர் ஊராகப் போகும் பொருட்காட்சி ராட்டினத்துக்குச் செய்தவை. கழற்றி அடுக்கும்போது நீட்டிக்கொண்டிருக்கிற காதும் காலும்தான் முதலில் உடையும். அதனால்தான் இந்த உருவம். எனக்கு இவைதான் அழகு. வயிற்றைத் தட்டிக் காட்டினார்கள், டொக்கென்று கேட்டது. பலகைகளை ஒட்டிச் செய்த வெறும் பெட்டி, உள்ளே ஒன்றுமில்லை. எடையும் குறைவு, மரமும் வெடிக்காது. இன்னொரு கில்லாடித்தனமும் உண்டு. அமெரிக்க ராட்டினம் இடப்பக்கமாகச் சுற்றுவதால் வெளியே தெரிவது குதிரையின் வலப்பக்கம்தான். பூவேலை, சேணத்து வாரெல்லாம் அங்கேதான். உள்பக்கம் பெயிண்ட் அடித்ததோடு சரி! அப்புறம் காலும் தலையும் அலுமினியமாகி, கடைசியில் முழுக் குதிரையுமே அலுமினியம் ஆகிவிட்டது.

1916-ல் செய்த ராட்டினம் இன்னமும் ஓடுகிறது. ஏறினேன், வெட்கப்படவில்லை. பக்கத்தில் பேண்டு வாத்தியப் பெட்டி காதைக் கிழிக்கிறது. அதைச் செய்த வுர்லிட்சர் கம்பெனியும் இதே ஊர்தான். துளை போட்ட காகிதச் சுருள் ஓட ஓட, டிரம்மும் குழலும் ஆள் இல்லாமலே வாசிக்கின்றன. பிள்ளைகளுக்கான குட்டி ராட்டினங்களும் லிட்டில் டிப்பர் என்ற குட்டி ரோலர் கோஸ்டரும் ஹெர்ஷல் கம்பெனி சரக்குதான். 1970-ல் கான்சாஸின் சான்ஸ் கம்பெனி இதை வாங்கிக்கொண்டது.

எப்போது போகலாம், எப்படிப் போகலாம் என்று ஒழுங்காக எழுதத்தான் உட்கார்ந்தேன், குதிரை இழுத்துக்கொண்டு போய்விட்டது. குளிர்காலத்தில் மூடிவிடுவார்கள், நேரம் பார்த்துக் கிளம்புங்கள். வயிற்றைக் காலியாக வைத்துக்கொண்டு பக்கத்து நகரமான பஃபலோவுக்குப் போய் விங்ஸ், அதாவது பொரித்த கோழி இறக்கை, சாப்பிடுங்கள். 1964-ல் அது பிறந்த ஊர். புளிப்பும் காரமுமாக விரலெல்லாம் வழிகிறது. தொட்டுக்கொள்ளத் தரும் நீலச் சீஸ் சாஸ் மட்டும் எனக்கு ஒத்துவரவில்லை. கூடுதல் சாஸுக்குத் தனிக்காசு, கேட்டுவிட்டு வாங்குங்கள்.