கற்பனை உலக மொழிக் கேள்விய எப்பிடி எழுதலாம் – என்ட அனுபவம்

"சொல்லே உலகத்தை ஆக்கும் ஒரு கற்பனை உலகை அமைத்து அதன் மொழிக் கோட்பாட்டை விளக்குக" எண்டு மொழியியல் பேப்பர்ல வந்தா முக்கால்வாசிப் பேர் அத விட்டுட்டு இலக்கணக் கேள்விக்கு ஓடுறாங்க, ஆனா எனக்கு நல்லா மார்க்ஸ் தந்தது அந்தக் கேள்விதான். வந்தாறுமூலை கிழக்குப் பல்கலைக்கழகத்துல படிக்கிற தம்பி தங்கச்சிமார் கேட்டதால எழுதுறன்.

மூண்டு விசயத்த ஒண்டாப் போட்டுக் குழப்பாதீங்க. மொழி நாம நினைக்கிற விதத்த மாத்துது எண்டுறது அமெரிக்க மொழியியலாளர் வோர்ஃப். அந்தாள் தீக்காப்புறுதிக் கம்பனியில வேல செஞ்சவர், பெற்றோல் முடிஞ்ச ட்ரம்ம 'வெறும் ட்ரம்' எண்டு சொல்லிப் பழகினதால ஆக்கள் அதுக்குப் பக்கத்துல பயமில்லாம சிகரெட் பத்துறாங்க, உள்ளுக்க நிக்கிற ஆவிதான் பெரிய ஆபத்து எண்டு எழுதியிருக்கார். இதுல ட்ரம் மாறல்ல, மனுசன்ட நடத்ததான் மாறினது. ரெண்டாவது ஆஸ்டின் எண்ட இங்கிலாந்து தத்துவவாதி, சொல்லுறதே செயலாகுது, ஆனா ஊர் ஒத்துக்கொண்ட ஒழுங்கு வேணும்: நீதவான் 'பிணையில விடுறன்' எண்டா ஆள் வெளியில, அதே வசனத்த கோர்ட் வாசல்ல கடலை விக்கிறவர் சொன்னா பகிடி. மூண்டாவது நம்மட ஏரியா. மட்டக்களப்புக்கு வாறவன மந்திரம் போட்டு பாயோட ஒட்ட வெச்சிருவாங்க எண்டு வெளியூர்ல கதைப்பாங்களே, அதுக்கு ஊர் ஒத்துக்கொள்ளவும் தேவல்ல, படுத்திருக்கிறவன் நம்பவும் தேவல்ல, சொல்லு நேரா பாயில வேல செய்யணும். உங்கட உலகம் இந்த மூண்டில எது எண்டு முதல் பந்தியிலயே சொல்லிருங்க.

நான் எடுத்தது மூண்டாவது. அந்த உலகத்துல இறந்தகாலத்துல சொன்னா அது நடந்து முடிஞ்சிரும், 'மழை பெஞ்சது' எண்டா வளவெல்லாம் நனைஞ்சிருக்கும். இதோட நிப்பாட்டினா அது வெறும் கதை, மார்க்ஸ் விழாது. அதுக்குப் பிறகு வாற சிக்கல்தான் கோட்பாடு. ஒருத்தர் 'பெஞ்சது' எண்டுறார், மற்றவர் 'பெய்யல்ல' எண்டுறார், யார்ட சொல் நிக்கும்? பொய் எண்டு ஒண்டு அங்க இருக்குமா? மழலை பேசுற புள்ளைய என்ன செய்யிற, வாயப் பொத்துறதா? சாட்சி சொல்ல வாறவன் குற்றத்த விவரிச்சா குற்றம் அப்பதான் நடக்குமா? நான் அந்த ஊர்ல சாட்சிக்காரர் எதிர்காலத்துல மட்டும்தான் பேசுவாங்க எண்டு எழுதினன், அந்த இடம் எனக்கே பிடிச்சுது.

யாருக்கு அந்த அதிகாரம் எண்ட கேள்விக்கு தொல்காப்பியத்தையே எடுங்க, செய்யுளியல்ல இருக்கு:

"நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த
மறைமொழி தானே மந்திரம் என்ப"

சொல்லு மட்டும் காணாது, சொல்லுறவரும் நிறைமொழி மாந்தரா இருக்கணும், ஆணையும் வேணும். புள்ளையிட மழலை மழைய கொண்டு வராததுக்கு காரணம் இதுலயே கிடைச்சிரும்.

வோர்ஃப் பக்கம் போறவங்களுக்கு எழுவான்கரை, படுவான்கரை எண்டு சூரியன வெச்சு மட்டக்களப்பு வாவிட ரெண்டு கரையையும் சொல்லுற நம்மட வழக்கம் நல்ல உதாரணம், அவுஸ்திரேலியாவில கூகு யிமிதிர் மொழி பேசுற பழங்குடி ஆக்கள் இடது வலதுக்குப் பதிலா திசைய சொல்லுறதோட சேத்து எழுதலாம். ஆனா வோர்ஃப் சொன்ன மாதிரி, அமெரிக்கப் பழங்குடிகள்ட ஹோப்பி மொழியில காலமே இல்ல எண்டு மட்டும் எழுதிராதீங்க, 1983ல மலோட்கி எண்ட மொழியியலாளர் ஹோப்பியில காலஞ் சொல்லுற வழிகள் எவ்வளவு இருக்கு எண்டு ஒரு தடிச்ச புத்தகமே போட்டுட்டார். ஆஸ்டின்ட 'How to Do Things with Words' எண்ட 1962 புத்தகத்த முழுக்க வாசிக்க நேரமில்லாட்டி ரெண்டாவது லெக்சர மட்டும் வாசிங்க, சொல்லு எப்ப பலிக்காம போகும் எண்ட நிபந்தனையெல்லாம் அதுலதான் கிடக்கு.