திரும்பி நடந்தவர்கள்

எங்களுக்கு ஊர் கொடைக்கானல் பக்கம் மலையில் தாண்டிக்குடி. முருகன் இங்கிருந்து பழனிக்கு ஒரே தாவாகத் தாவியதால் ‘தாண்டிக்குதி’ என்றிருந்த பெயர்தான் மருவியது என்பார்கள். அவனுக்கு ஒரு தாவு, நமக்கு மலை பஸ்.

தைப்பூசத்துக்கு முன்னால் அக்கா மகன் வாடகைக் கேமராவோடு வந்து நின்றான். “மாமா, நகரத்தார் காவடிப் பாதையைக் குறும்படமா எடுக்கறேன், கூட வாங்க.”

நெற்குப்பைக் குமரப்பச் செட்டியார் பழனிக்கு உப்பு விற்கப் போய், லாபத்தில் முருகனுக்கும் மகமையாக ஒரு பங்கு எடுத்து வைத்ததில் இந்தக் காவடி நடை தொடங்கியது என்பது அவர்கள் வழக்கு. 400 வருஷத்துக்கு மேலாகிறது. குன்றக்குடியில் கிளம்பி சிங்கம்புணரி, நத்தம், திண்டுக்கல் வழியாக நடை. என் முழங்காலைக் கேட்டுக்கொண்டு நாங்கள் ஒட்டன்சத்திரத்தில் சேர்ந்தோம்.

விடியக் கருக்கலில் பனி கொட்டியது. தார் ரோட்டில் செருப்பில்லாத கால்கள். காவடியில் சர்க்கரை கட்டியிருந்தார்கள். விருப்பாச்சி வந்ததும் இடது கைப்பக்கம் எங்கள் மலை நீலமாக எழுந்தது. “அங்கதான் எங்க ஊர், மலைவாழை போட்டிருக்கோம்” என்றேன். கூட வந்த ஆச்சி நின்றுவிட்டார். “அப்ப நீங்க குடுக்குற பழந்தான் பஞ்சாமிர்தமாகி அவன் மேல படுது” என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். தார் 2 ரூபாய் ஏறுமா இறங்குமா என்பதைத் தவிர அந்தப் பழத்தைப் பற்றி நான் வேறெதுவும் நினைத்ததில்லை. வெட்கமாக இருந்தது. இதைப் பையன் எடுக்கவில்லை, முன்னால் ஓடிக் காவடி வரிசையைப் பிடித்துக்கொண்டிருந்தான்.

பழனியில் சொல்ல அதிகமில்லை. 693 படி, நெரிசல், தண்டாயுதபாணி முன்னால் இரண்டு நொடி. அதற்குள் கண் நிறைந்து சரியாகப் பார்க்கக்கூட முடியவில்லை.

படம் 14 நிமிஷம், ராஜகோபுரத்தில் முடிகிறது. பார்த்த எல்லோரும் கைதட்டினார்கள். எனக்கென்னவோ பாதிப் படமாகப் பட்டது. ஏனென்றால், பூசம் கழிந்து சில நாளில் நானும் பையனும் வாழைத்தாரோடு ஒட்டன்சத்திரம் சந்தைக்கு இறங்கியபோது, பழனிப் பக்கமிருந்து அவர்கள் எதிரே வந்தார்கள். மேளமில்லை, கூட்டமில்லை. போனது போலவே நடந்துதான் ஊர் திரும்புவார்களாம். அந்த ஆச்சியும் இருந்தார், பாதத்தில் துணி சுற்றியிருந்தது. கேமராவை எப்போதோ திருப்பிக் கொடுத்தாயிற்று. பையன் போனை எடுத்தான், சார்ஜ் 4 சதவீதம்.

“மாமா, நத்தம் வரைக்கும் கூடப் போயிட்டு வந்துரட்டுமா?” என்று செருப்பைக் கழற்றி வண்டியில் போட்டான்.